மைத்துனரை வைத்துப் பொதுநல வழக்குப் போடலாமா?

சென்ற இதழில் ஒரு வாசகருக்கு, 'பணி விவகாரங்களில் (அரசு ஊழியர் நியமனம், பதவி உயர்வு போன்றவற்றில்) பொதுநல வழக்கு எடுபடாது' என்று ஒற்றை வரியில் பதில் சொல்லியிருந்தேன். அந்தச் சிக்கனம் தவறு என்று இந்த மாதத் தபால் காட்டிவிட்டது. கோபமாக எழுதியவர்களே அதிகம். ஆகவே பென்ஷன், ஈட்டிய விடுப்புக் கேள்விகளை அடுத்த முறைக்கு ஒதுக்கிவிட்டு, இதையே எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: எங்கள் வட்டத்தில் கிராம உதவியாளர் நியமனத்தில் பணம் விளையாடியது ஊருக்கே தெரியும். எனக்கோ என் குடும்பத்தாருக்கோ அதில் எந்த ஆதாயமும் இல்லை. சொந்தக் காசைச் செலவழித்துப் பொதுநல வழக்குப் போட்டேன். 'இது பணி விவகாரம், வழக்கிட உங்களுக்கு உரிமை இல்லை' என்று முதல் நாளே தள்ளுபடி செய்துவிட்டார்கள். முறைகேடு நடந்ததா என்றுகூடப் பார்க்கவில்லை. ஆதாயம் இல்லாதவன் நியாயம் கேட்டால் தப்பா அம்மா?
— ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், தேனி மாவட்டம்

தப்பில்லை ஐயா. ஆனால் நீதிமன்றம் தேடியது உங்களை அல்ல, வேறொருவரை. கிராம உதவியாளர் தேர்வில் எழுதவும் படிக்கவும் வைத்துப் பார்ப்பார்கள். மிதிவண்டி ஓட்டத் தெரியுமா என்றுகூடப் பார்ப்பார்கள். அன்று மிதிவண்டியை ஒழுங்காக ஓட்டிக் காட்டிவிட்டு, பட்டியலில் பெயர் வராமல் வீட்டுக்குப் போனவர் ஒருவர் இருப்பார் அல்லவா? இடத்தை இழந்தவர் அவர். அவர் ஏன் வரவில்லை என்றுதான் நீதிபதி கேட்பார்.

பொதுநல வழக்கு பிறந்த கதையை நினைத்துப் பாருங்கள். 1982 ஆசிய விளையாட்டுப் போட்டிக்காக டெல்லியில் அரங்கம் கட்டிய கூலித் தொழிலாளர்கள் குறைந்தபட்சக் கூலிகூடக் கிடைக்காமல் இருந்தார்கள். அவர்களால் உச்ச நீதிமன்றப் படியேற முடியாது. அவர்களுக்காக ஓர் அமைப்பு வந்தது, நீதிமன்றம் கதவைத் திறந்தது. ஏழையும் எழுத்தறிவில்லாதவரும் வர முடியாத இடத்துக்கு இன்னொருவர் வரலாம் என்பதே அதன் அடிப்படை. அரசு வேலைக்கு விண்ணப்பித்து, தேர்வுக்கும் வந்தவரை நீதிமன்றம் அந்தக் கணக்கில் சேர்ப்பதில்லை. அவரால் வர முடியும், அவரே வரட்டும் என்கிறது.

இது உங்களுக்காகப் புதிதாகச் செய்த சட்டம் அல்ல. ஒடிசா நிர்வாகத் தீர்ப்பாயத்தில் தொடங்கிய துரியோதன் சாகு வழக்கில் 1998இல், பணி வழக்குகளுக்கென்று அமைந்த தீர்ப்பாயம் மூன்றாம் மனிதர்களின் பொதுநல மனுக்களை எடுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்நியர்கள் எல்லாம் வர ஆரம்பித்தால், விரைவாகத் தீர்ப்பதற்காக உண்டாக்கிய இடமே அடைத்துக்கொள்ளும் என்பது அது சொன்ன காரணம். நம் மாநிலத்தில் தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயத்தை 2006இல் மூடிவிட்டதால் மாநில அரசு ஊழியர் நேரே உயர் நீதிமன்றம் போகிறார். அங்கும் விதி மாறவில்லை. 2005இல் பஞ்சாபில் ஓர் ஏலப் பதிவாளர் நியமனம், 2010இல் ஜார்க்கண்ட் மின்வாரியத் தலைவர் நியமனம் என்று வேலை சின்னதோ பெரியதோ, பதில் ஒன்றாகவே இருந்தது. ஜார்க்கண்ட் வழக்கில் ஒரே ஒரு விதிவிலக்கைச் சொன்னார்கள். அடுத்த கேள்வியில் வருகிறேன்.

இந்த விதியின் நியாயம் எனக்குப் புத்தகத்தில் புரியவில்லை. ஒரு கோப்பில் புரிந்தது.

வழக்கறிஞராகப் பதிவு செய்துகொள்வதற்கு முன்னால் நான் வருவாய்த் துறையில் பணியமைப்புப் பிரிவுக் கண்காணிப்பாளர். எந்த ஊர் என்று சொல்லப்போவதில்லை. இதே போன்ற நியமனத்தை எதிர்த்து ஒரு பொதுநல மனு வந்தது. மனுதாரர் 'சமூக ஆர்வலர்', பக்கத்து வட்டத்துக்காரர். அரசு வழக்கறிஞருக்குப் பத்திவாரிக் குறிப்புரை (மனுவின் ஒவ்வொரு பத்திக்கும் அலுவலகத்தின் பதில்) எழுத உட்கார்ந்து, இணைப்புத் தாள்களைப் புரட்டினேன். நடுவில் எங்கள் குறிப்புக் கோப்பின் நகல் இருந்தது. டேக் கோத்த ஓட்டையின் நிழல் கறுப்பு வட்டமாக விழுந்திருந்தது. அடியில் என் சுருக்கொப்பம். தேதிக்குக் கீழே நான் வழக்கமாக வைக்கும் இரண்டு புள்ளிகள்கூடத் தெளிவாகத் தெரிந்தன. அந்தக் கோப்பு என் பீரோவை விட்டு வெளியே போனதே இல்லை என்று அதுவரை நம்பிக்கொண்டிருந்தேன்.

நீதிமன்றத்திலும் முதல் கேள்வி அதுதான்: 'இந்த நகல் உங்களுக்கு எப்படிக் கிடைத்தது?' மனுதாரரிடம் பதில் இல்லை. அரசுக் கோப்புகளின் நகல்களைப் பெற்ற விதம் சொல்லாமல் பணி விவகார மனுக்களில் இணைத்து வருகிறார்கள், இப்படிப்பட்ட மனுக்களைத் தூக்கி எறிய வேண்டும் என்று 2004இல் உச்ச நீதிமன்றம் எழுதியது. அதைப் படித்தபோது என் இரண்டு புள்ளிகள்தான் கண்முன் வந்தன.

பிறகுதான் விவரம் வெளியே வந்தது. நகல் எடுத்துக் கொடுத்தவர் எங்கள் அலுவலக ஊழியர் ஒருவர். அவருடைய உறவுக்காரப் பையன் அந்தத் தேர்வில் இடம் பெறவில்லை. வேதனை என்னவென்றால், அந்தப் பையனின் குறை உண்மையானது. இனச்சுழற்சியை, அதாவது எந்த இடம் எந்த இட ஒதுக்கீட்டுப் பிரிவுக்கு என்ற வரிசையை, தவறாகப் போட்டிருந்தார்கள். அவன் தன் பெயரில் ஒரு ரிட் மனுப் போட்டிருந்தால் எங்களால் பதில் சொல்லியிருக்க முடியாது. குறிப்புரை எழுதியவள் சொல்கிறேன். பொதுநல வழக்கு தள்ளுபடியாக ஏறத்தாழ ஒரு வருடம் ஆனது. அதற்குள் நியமனம் பெற்றவர்கள் தகுதிகாண் பருவத்தையே முடிக்கும் நிலைக்கு வந்துவிட்டார்கள். பையன் திருப்பூருக்குப் போய்விட்டான்.

உங்கள் மனுவில் எத்தனை பேரை எதிர்மனுதாரராகச் சேர்த்தீர்கள்? மாவட்ட ஆட்சியரையும் வட்டாட்சியரையும் மட்டும் சேர்த்திருப்பீர்கள் என்று ஊகிக்கிறேன். வேலை போகப்போவது யாருக்கு? நியமனம் பெற்றவர்களுக்கு. அவர்களைக் கேட்காமல் அவர்கள் சோற்றில் கைவைக்க முடியாது. மத்தியப் பிரதேசத்தில் ஆசிரியர் நியமனங்களைப் பொதுநல வழக்கு ஒன்றில் உயர் நீதிமன்றம் ரத்து செய்ததை 2010இல் உச்ச நீதிமன்றம் ஏற்காமல் போனதற்குப் பின்னால் இந்தக் கவலையும் இருந்தது.

நீங்கள் என்ன செய்யலாம்? பணம் கைமாறியது உண்மையென்றால் அது குற்றம். குற்றவியல் சட்டத்தில் 'உனக்கென்ன உரிமை' என்ற கேள்வியே கிடையாது. யாரும் புகார் கொடுக்கலாம் என்று அந்துலே வழக்கில் 1984இலேயே சொல்லிவிட்டார்கள். லஞ்ச ஒழிப்புத் துறைக்கு எழுதுங்கள். 'ஊருக்கே தெரியும்' என்று எழுதாதீர்கள். யார், யாரிடம், எப்போது, எவ்வளவு என்று எழுதுங்கள். கூடவே அந்த மிதிவண்டிக்காரரைத் தேடிப் பிடித்து, வழக்குச் செலவுக்கு உதவுங்கள். தலைமையாசிரியராக இருந்தவர், பெரும்பாலும் உங்கள் மாணவராகவே இருப்பார்.

கேள்வி: துணைவேந்தர் நியமனம், தேர்வாணைய உறுப்பினர் நியமனம் எல்லாம் பொதுநல வழக்கில் ரத்தாகவில்லையா? பெரிய பதவிக்கு ஒரு சட்டம், தலையாரி (கிராம உதவியாளர்) வேலைக்கு ஒரு சட்டமா?
— கல்லூரி விரிவுரையாளர், பாளையங்கோட்டை

நல்ல கேள்வி. நான் சொல்ல வைத்திருந்த விதிவிலக்கு இதுதான். 'கோ வாரண்டோ' என்பார்கள். பள்ளிப் பாடப் புத்தகத்தில் 'தகுதிமுறை வினவும் நீதிப்பேராணை'. நாற்காலியில் உட்கார்ந்திருப்பவரைப் பார்த்து, 'எந்த அதிகாரத்தில் இங்கே உட்கார்ந்திருக்கிறாய்?' என்று கேட்கும் வழக்கு. இதற்கு மட்டும் நீங்கள் எதையும் இழந்திருக்க வேண்டியதில்லை. எந்தக் குடிமகனும் கேட்கலாம்.

ஆனால் கேட்கக்கூடியது அந்த ஒரு கேள்விதான். அது சட்டம் உண்டாக்கிய பொதுப் பதவியாக இருக்க வேண்டும். நியமனம் சட்டப்பூர்வ விதியை மீறியிருக்க வேண்டும். மைசூர் பல்கலைக்கழகம் – கோவிந்த ராவ் வழக்கிலிருந்து அறுபது ஆண்டுகளாக இதுவே அளவுகோல். 'அவரைவிட இவர் தகுதியானவர்', 'நேர்காணலில் மதிப்பெண் அள்ளிப் போட்டார்கள்' என்பவை இதில் வராது. அவை தோற்றவருடைய வழக்கு. இன்னொன்று: கோ வாரண்டோவில் ஜெயித்தால் நாற்காலி காலியாகும், அவ்வளவே. அதில் உங்களை உட்கார வைக்க மாட்டார்கள்.

2009இல் தமிழ்நாடு மாநில நுகர்வோர் ஆணையத் தலைவர் நியமனமும், 2011இல் மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையர் பி.ஜே. தாமஸின் நியமனமும் இப்படிக் கேள்வி கேட்டதில் விழுந்தவை. தேர்வாணையம் இன்னும் சுவாரசியம். பஞ்சாப் தேர்வாணையத் தலைவர் நியமனத்தை ஒரு வழக்கறிஞர் எதிர்த்தபோது, 'இது பணி விவகாரம், பொதுநல வழக்கு செல்லாது' என்று மறுபக்கம் வாதாடினார்கள். அது அரசியலமைப்புச் சட்டம் உண்டாக்கிய பதவி, அங்கே உட்காருபவர் சாதாரண அரசு ஊழியர் அல்லர் என்று சொல்லி, 2013இல் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தைத் தள்ளியது. நம் டி.என்.பி.எஸ்.சி.யில் ஒரே அடியாகப் போட்ட 11 உறுப்பினர்களின் நியமனத்தை 2016 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்ததும் பொதுநல வழக்குகளில்தான். ஆயிரக்கணக்கானோருக்கு வேலை கொடுக்கும் ஆணையம் அது. அதன் உறுப்பினரைத் தேர்ந்தெடுத்த விதம் கேள்விக்குரியது என்றால், இழந்தவர் யார் என்று ஒரு தனிமனிதரைத் தேட வேண்டியதில்லை.

எப்போதும் ஜெயிக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தராக இருந்த கல்யாணி மதிவாணனின் நியமனத்தை 2014இல் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பல்கலைக்கழக மானியக் குழுவின் 2010 விதிமுறைகள் சொல்லும் தகுதி இல்லை என்பது காரணம். அந்த விதிமுறைகளைத் தமிழ்நாடு ஏற்காதவரை அவை இங்கே கட்டுப்படுத்தாது என்று 2015 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. எந்த விதி, அது உங்கள் பதவிக்குப் பொருந்துகிறதா என்பதைத் தீர்மானித்துக்கொண்டு போக வேண்டும். மற்றவை மேடைப் பேச்சு.

கேள்வி: நான் அரசு அலுவலகம் ஒன்றில் உதவியாளர். எனக்கு ஜூனியர் ஒருவரைப் பட்டியலில் மேலே ஏற்றிக் கண்காணிப்பாளர் ஆக்கிவிட்டார்கள். நானே வழக்குப் போட்டால் இடமாற்றம் நிச்சயம். 17(ஆ) குறிப்பாணையும் (ஒழுங்கு நடவடிக்கைக்கான குற்றச்சாட்டு) வரலாம். என் மைத்துனர் ஊரில் நற்பணி மன்றம் நடத்துகிறார். அவர் பெயரில் பொதுநல வழக்குப் போடலாமா?
— பெயர் வேண்டாம், திண்டுக்கல்

வேண்டவே வேண்டாம். பொதுநல மனுவோடு, 'இதில் எனக்குத் தனிப்பட்ட ஆதாயம் இல்லை' என்று பிரமாண வாக்குமூலம் கொடுக்க வேண்டும். உங்கள் மைத்துனர் பொய்ச் சத்தியம் செய்யத் தயாரா? உங்கள் அக்காவையோ தங்கையையோ கேட்டுவிட்டுச் சொல்லுங்கள். மேலும், உங்கள் பிரிவுக் கோப்பு உங்கள் மைத்துனர் கைக்கு எப்படிப் போனது என்று கண்டுபிடிக்க உங்கள் அலுவலகத்துக்கு அரை நாள் போதும். நீங்கள் பயந்த குறிப்பாணை அப்போது நியாயமான காரணத்தோடு வரும்.

உங்கள் பயத்தை நான் ஏளனம் செய்யவில்லை. இந்த இடத்தில்தான் தீர்ப்புகளோடு எனக்குக் கொஞ்சம் பிணக்கு. 'பாதிக்கப்பட்ட ஊழியர் தாமே வரலாம், அவரைத் தடுப்பது எது?' என்று நீதிமன்றம் கேட்கிறது. தடுப்பது எது என்று எனக்குத் தெரியும். முப்பது வருடம் அந்த நாற்காலியில் உட்கார்ந்து, வழக்குப் போட்டவர் பெயருக்கு எதிரே பென்சிலால் சின்ன 'வ' போடுவதைப் பார்த்திருக்கிறேன். அந்த 'வ' எந்த விதியிலும் இல்லை. ஆனால் இடமாறுதல் கலந்தாய்வு நாளில் அது வேலை செய்யும். கூலித் தொழிலாளியின் இயலாமை நீதிமன்றத்துக்குப் புரிந்தது. குமாஸ்தாவின் இயலாமை அவ்வளவாகப் புரியவில்லை என்பது என் அபிப்பிராயம். ஆனால் நான் நீதிபதி அல்லள். இருக்கிற சட்டத்தில் உங்களுக்கு எது பயன்படும் என்பதைத்தான் சொல்ல முடியும்.

தனியாகப் போகாதீர்கள். அதே பட்டியலில் உங்களோடு பின்தள்ளப்பட்டவர்கள் இன்னும் யார் யார் என்று பாருங்கள். நான்கு பேர் சேர்ந்து வந்தால் நான்கு பேரையும் ஒரே நாளில் ராமநாதபுரத்துக்கு மாற்றுவது நிர்வாகத்துக்குச் சங்கடம். முன்னே போனவரைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேருங்கள். தினமும் பக்கத்து மேஜையில் முகத்தைப் பார்க்க வேண்டியிருந்தாலும் சேர்த்தே ஆக வேண்டும்.

எல்லாவற்றுக்கும் மேலே நாளைப் பாருங்கள். ஜூனியருக்குப் பதவி உயர்வு கொடுத்தால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சிப்போனால் ஒரு வருடத்துக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்று சொன்ன தீர்ப்பு நம் மாநிலத்து வழக்கில்தான் வந்தது. 1974, சதாசிவசாமி வழக்கு. அவர் பதினான்கு வருடம் கழித்துப் போயிருந்தார். 'மனு மேல் மனுக் கொடுத்துக்கொண்டே இருந்தேன்' என்ற சமாதானமும் செல்லாது. புவியியல் சுரங்கத் துறையில் 1982இல் வேலை போன ஒருவர் 2000இல் மனுக் கொடுத்து, 'பரிசீலிக்க' என்று ஓர் உத்தரவும் வாங்கினார். பரிசீலிக்கச் சொன்னதால் செத்த உரிமை எழுந்து உட்காராது என்று 2008இல் ஜேக்கப் வழக்கில் முடிந்தது. பொதுநல வழக்கில் ஒரு வருடம் போனால் அந்த வருடம் உங்கள் கணக்கில்தான் கழியும்.

உங்கள் கடிதத்தில் பட்டியல் வெளியான தேதியே இல்லை. கோபம் ஒன்றரைப் பக்கம் இருக்கிறது.

கேள்வி: எங்கள் ஓய்வூதியர் சங்கம் வழக்குப் போட்டால் அதுவும் 'மூன்றாம் மனிதர்' கணக்கா?
— சங்கச் செயலாளர், சிவகாசி

இல்லை. உங்கள் உறுப்பினர்களின் பொதுக் குறைக்குச் சங்கம் வரலாம். பதிவு, அங்கீகாரம் இல்லாத ரயில்வே ஊழியர் சங்கத்துக்கே 1980இல் கதவு திறந்தது. ஓய்வூதியர்கள் டிசம்பர் 17 அன்று நாள் கொண்டாடுகிறோமே, அந்த நகாரா தீர்ப்பு (1982) எப்படி வந்தது தெரியுமா? ஓய்வுபெற்ற இருவரோடு மூன்றாவது மனுதாரராக 'காமன் காஸ்' என்ற பொதுநல அமைப்பும் நின்றது. 1979 மார்ச் 31 என்று ஒரு தேதிக்கோடு போட்டு, அதற்கு முன் ஓய்வுபெற்றவருக்கு ஒரு கணக்கு, பின் ஓய்வுபெற்றவருக்கு வேறு கணக்கு என்றதை உடைத்த தீர்ப்பு அது. கவனியுங்கள், அங்கே யாருடைய நாற்காலியும் பறிபோகவில்லை. எதிரே நின்றது அரசு மட்டும். உங்கள் உறுப்பினர் ஒருவருடைய தனிப்பட்ட சம்பள முரண்பாடு என்றால் அவரே கையெழுத்துப் போடட்டும். சங்க மனுவிலும் பாதிக்கப்பட்ட ஒருவரை முதல் மனுதாரராக நிறுத்துவது என் வழக்கம்.

கேள்வி: ஓர் அதிகாரி மீதான குறிப்பாணைகள், அவருடைய சொத்து விவரம் ஆகியவற்றைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டேன். மறுத்துவிட்டார்கள். இவை இல்லாமல் எப்படி வழக்குப் போடுவது?
— விருதுநகர் வாசகர்

மறுத்தது சரிதான், அவை தனிப்பட்ட தகவல் என்று கிரீஷ் தேஷ்பாண்டே வழக்கில் 2012இல் முடிவாகிவிட்டது. தேர்வு அறிவிப்பு, இனச்சுழற்சிப் பதிவேடு, தேர்வுக் குழுவின் நடவடிக்கைக் குறிப்பு இவற்றைக் கேளுங்கள். ஆளைப் பற்றிக் கேட்டால் கதவை மூடுவார்கள். முறையைப் பற்றிக் கேட்டால் மூடுவதற்குக் காரணம் தேட வேண்டியிருக்கும்.

கேள்வி: தோற்றால் அபராதம் போடுவார்களாமே?
— திருச்சி வாசகர்

போடுவார்கள். உத்தராகண்டில் அரசுத் தலைமை வழக்கறிஞரின் வயதைக் காட்டி நியமனத்தை எதிர்த்தவர்கள் ஒரு லட்ச ரூபாய் கட்ட வேண்டியிருந்தது. அது 2010. எதிர்த்தவர்களும் வழக்கறிஞர்களே.

கேள்வி: முதல் கேள்வியைப் போன்றதே என் நிலையும். நான் போட்ட பொதுநல வழக்கு சென்ற மாதம் தள்ளுபடி ஆனது. அதே தேர்வில் என் மகளும் கலந்துகொண்டு இடம் கிடைக்காமல் போனவள். இதை மனுவில் நான் சொல்லவில்லை. இப்போது அவள் வழக்குப் போடலாமா?
— ஒரு தந்தை, சிவகங்கை மாவட்டம்

சொல்லாமல் விட்டதற்கு நீதிமன்றம் உங்களை என்ன சொன்னாலும் தகும். அதை இப்போது விடுவோம்.

மகள் போடலாம். உங்கள் மனு, உங்களுக்கு உரிமை இல்லை என்றுதான் தள்ளுபடியாகியிருக்கிறது. நியமனம் சரி என்று யாரும் தீர்ப்புச் சொல்லவில்லை. உத்தரவு நகலை வரிக்கு வரி படியுங்கள். 'பாதிக்கப்பட்டவர் உரிய வழியை நாடலாம்' என்று ஒரு வரி இருந்தால் பெரிய பலம். இல்லாவிட்டாலும் கதவு மூடவில்லை. ஆனால் இந்தத் தடவை உங்கள் வழக்கையும் அதன் முடிவையும் மனுவில் மறைக்காமல் எழுதச் சொல்லுங்கள். மறைத்து, எதிர்த்தரப்பு எடுத்துக் காட்டினால் மகளின் வழக்கும் உங்கள் வழக்கு போலவே முடியும்.

இரண்டு சிக்கல்கள் வரும். தேர்வு முறையே தவறு என்று மகள் சொன்னால், 'எல்லாம் தெரிந்துதானே கலந்துகொண்டாய், தோற்ற பிறகு ஏன் குறை சொல்கிறாய்' என்பார்கள். 1995இல் மதன் லால் வழக்கிலிருந்து இந்தப் பதில் தயாராக இருக்கிறது. ஆகவே முறையைத் தாக்காமல், அறிவித்த முறையை அவர்களே மீறினார்கள் என்பதைக் காட்ட வேண்டும். மகளுக்கு மதிப்பெண் எத்தனை, அதே பிரிவில் நியமனம் பெற்ற கடைசி ஆளுக்கு எத்தனை என்ற இரண்டு எண்கள் கையில் வேண்டும். இரண்டாவது, நாள். உங்கள் வழக்கு நடந்த மாதங்களை யாரும் திருப்பித் தர மாட்டார்கள். தகவல் உரிமை மனுவை நாளைக்கே மகள் பெயரில் அனுப்புங்கள். அவளுடைய அழைப்புக் கடிதம் இன்னும் வீட்டில் இருக்கிறதா? பழைய பாடப் புத்தகங்களோடு எடைக்குப் போட்டிருக்கிறீர்களா என்று இன்று மாலையே தேடிப் பாருங்கள்.